சான்றிதழ் அடகுப் பொருள் அல்ல

அக்கா மகளை ஒரு தனியார் பொறியியல் கல்லூரியில் சேர்த்திருந்தோம். இரண்டே வாரத்தில் அவள் ஆசைப்பட்ட படிப்பு கவுன்சலிங்கில் வேறு கல்லூரியில் கிடைத்தது. ஒரிஜினல்களோடு நேரில் வர நான்கு நாள் கெடு.

பழைய கல்லூரி அலுவலகத்துக்குப் போனோம். ஊழியர் பீரோவைத் திறந்து அவளுடைய கவரை எடுத்தார். பிளஸ் டூ மதிப்பெண் சான்றிதழ், டிசி, சாதிச் சான்றிதழ் எல்லாம் எங்கள் கண்ணெதிரே இருந்தன. ஒருமுறை புரட்டிப் பார்த்துவிட்டுத் திரும்ப உள்ளே வைத்துப் பூட்டினார். "மீதி மூணு வருஷ ஃபீஸைக் கட்டி நோ டியூஸ் வாங்கிட்டு வாங்க சார்."

கெஞ்சினோம். மூன்று வருடம் இரண்டானது, சாயங்காலத்துக்குள் ஒன்றானது. உண்மையான கடன் என்றால் இப்படிப் பேரத்தில் கரையுமா? அக்கா வளையலை அடகு வைத்துக் கட்டினாள். அடகுக் கடையில்கூடச் சீட்டு கொடுத்தார்கள். கல்லூரியில் அந்தப் பணத்துக்கு ரசீது தரவில்லை.

அதற்குப் பிறகுதான் சட்டத்தைத் தேடிப் படித்தேன். 1872-ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 171, பொதுவான பாக்கிக்காகப் பொருளைப் பிடித்து வைத்துக்கொள்ளும் உரிமை யாருக்கு உண்டு என்று சொல்கிறது. வங்கி, சரக்கு முகவர், துறைமுகச் சரக்குக் காப்பாளர், உயர்நீதிமன்ற அட்டர்னி, காப்பீட்டுத் தரகர். மற்றவர்களுக்கு வெளிப்படையான ஒப்பந்தம் வேண்டும், அதுவும் விற்கத்தக்க சரக்குக்குத்தான். வக்கீல் ஃபீஸ் பாக்கிக்காகக் கட்சிக்காரரின் வழக்குக் கட்டை ஒரு வக்கீல் பிடித்து வைத்தபோது, அது சரக்கே அல்ல, தரத்தான் வேண்டும் என்று 2000-இல் ஆர்.டி. சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கல்விச் சான்றிதழ் சந்தைப் பொருள் அல்ல, அதன்மேல் இந்த உரிமை கிடையாது என்று சென்னை உயர்நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது.

பல்கலைக்கழக மானியக் குழுவான யுஜிசியின் 2018 அறிவிக்கை இன்னும் நேரடியானது. சேர்க்கையின்போது ஒரிஜினல்களைச் சரிபார்த்து உடனே திருப்பித் தர வேண்டும், சுயசான்றொப்பமிட்ட நகல்களை மட்டும் வைத்துக்கொள்ளலாம். சேர்க்கையின் கடைசித் தேதிக்கு 15 நாள் முன்பே விலகினால் முழுக் கட்டணமும் திரும்பக் கிடைக்க வேண்டும். செயலாக்கச் செலவாக அதிகபட்சம் 5 சதவீதம், அதுவும் 5,000 ரூபாய்க்கு மிகாமல் பிடிக்கலாம். தாமதமாக ஆக 90, 80, 50 என்று குறையும். கடைசித் தேதி கழிந்து 30 நாளும் தாண்டிவிட்டால் ஒன்றும் கிடைக்காது. அப்போதும் சான்றிதழை வைத்துக்கொள்ள அனுமதி இல்லை.

கல்லூரிகள் தரப்பிலும் நியாயம் உண்டு. நடுவில் ஒரு மாணவர் போனால் அந்த இடம் கடைசிவரை காலியாகவே கிடக்கலாம். 2003-இல் இஸ்லாமிக் அகாடமி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதையும் யோசித்தது. ஒரு வருடம் அல்லது ஒரு செமஸ்டர் கட்டணம்தான் முன்கூட்டி வாங்கலாம், பாதியில் போய்விடுவார் என்று பயந்தால் மீதிக்குப் பத்திரமோ வங்கி உத்தரவாதமோ கேட்கலாம் என்றது. சான்றிதழைப் பூட்டி வைக்கலாம் என்று சொல்லவில்லை.

பாக்கி உண்மை என்றால் சிவில் வழக்குப் போடட்டும். போடமாட்டார்கள். வழக்கு என்றால் எவ்வளவு பாக்கி, ஏன் பாக்கி, அந்த இடத்தில் வேறு மாணவரைச் சேர்த்தீர்களா என்று நீதிபதி கேட்பார். பீரோச் சாவி கையில் இருக்கும்வரை யாரும் எதுவும் கேட்க முடியாது. நிரூபிக்க வேண்டியவர் நிம்மதியாக உட்கார்ந்திருக்க, பதினெட்டு வயதுப் பிள்ளை கெடுவை எண்ணிக்கொண்டு வராந்தாவில் நிற்கிறது. என்னால் தாங்க முடியாதது இதுதான். அரசு உதவித்தொகை கல்லூரிக்கு வரத் தாமதமானதற்காகக்கூடப் பிள்ளைகளின் சான்றிதழை நிறுத்தி வைக்கிறார்கள். அந்தப் பிள்ளை என்ன செய்யும்?

இப்போது மாட்டிக்கொண்டிருப்பவர்களுக்கு: வாய்வார்த்தையில் கெஞ்சாதீர்கள். சான்றிதழ் கேட்டு எழுத்தில் கொடுங்கள், வாங்க மறுத்தால் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, சேர்ந்ததற்கான சான்றை வைத்துக்கொள்ளுங்கள். யுஜிசியின் இ-சமாதான் தளத்தில் புகார் பதியுங்கள். கெடு நெருங்கினால் உயர்நீதிமன்றத்தில் ரிட் மனுதான் (அரசுக்கோ பொதுப்பணி செய்யும் அமைப்புக்கோ உத்தரவிடக் கேட்கும் மனு) வழி. தனியார் கல்லூரி என்பதால் ரிட் செல்லாது என்று யாராவது சொன்னால் நம்பிவிடாமல் வக்கீலைப் பாருங்கள். கல்வி தருவது பொதுப்பணி.

இந்த வருடம் அவளுடைய தம்பிக்கு அட்மிஷன். அங்கேயும் ஒரிஜினல் கேட்டார்கள். "பார்த்துட்டுக் குடுங்க, நான் இங்கயே நிக்கிறேன்" என்றாள் அக்கா, அறிவிக்கையின் நகலை மேசையில் வைத்து. பத்து நிமிடத்தில் கவர் அவள் கைக்கு வந்துவிட்டது.