காலி மும்மொழிக் கல்வெட்டு: மூன்றிலும் ஒரே செய்தி இல்லை

சீனக் கடற்படைத் தளபதி செங் ஹேயின் கப்பற்படை இலங்கையில் வைத்த கல்வெட்டில், புத்தருக்கான ஒரே காணிக்கை வாசகம் சீனம், தமிழ், பாரசீகம் என மூன்று மொழிகளில் இருப்பதாகச் சிலர் சொல்வதுண்டு. மூன்று மொழிகள் என்பது சரி. ஆனால் வாசகம் ஒன்றல்ல. சீனப் பகுதி மட்டும்தான் புத்தருக்கு. தமிழ்ப் பகுதியில் காணிக்கை பெறுபவர் ‘தெனாவரை நாயினார்’, அதாவது தென்னிலங்கையின் தெவிநுவரைக் கோயிலில் இருந்த திருமால். பாரசீகப் பகுதி இஸ்லாம் சார்ந்தது. அது நிறையவே தேய்ந்துவிட்டது.

குழப்பம் வந்ததில் வியப்பில்லை. பொன், வெள்ளி, பட்டு, எண்ணெய் என்று காணிக்கைப் பட்டியல் மூன்றிலும் ஏறக்குறைய ஒன்றுபோலவே வரும். ஆண்டும் அதே 1409 தான். பெறுபவர் மட்டும் மாறுகிறார். (சாமர்த்தியமான ஆட்கள்தான்!)

1911இல் இலங்கையின் தென்கரை நகரான காலியில் கிடைத்த அந்தக் கல் இப்போது கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது, நேரில் பார்க்கலாம். போக முடியாதவர்கள் இலங்கைக் கல்வெட்டுகளைப் பதிப்பிக்கும் ‘எபிகிராஃபியா சைலானிகா’ வரிசையின் மூன்றாம் தொகுதியைப் புரட்டலாம். தமிழ்ப் பகுதியைத் தொல்லியல் அறிஞர் பரணவிதான அதில் பதிப்பித்திருக்கிறார். நாயினார் பெயர் வரும் வரியைத் தேடினால் போதும்.