அம்மாயி எதையும் மறக்கல

மனசுல விழுற அடிய (ட்ராமா) பத்தி அமெரிக்க இலக்கிய ஆய்வாளர் கேத்தி கரூத் 1996ல எழுதுன 'அன்க்ளெய்ம்டு எக்ஸ்பீரியன்ஸ்' புக்க கோத்தகிரில உக்காந்து படிச்சா பாதி, சிலோன் தேயிலைத் தோட்டத்துலருந்து இங்க அனுப்பப்பட்ட எங்க ஜனங்க கதையாவே இருக்கு, ஆனா ஒரு இடத்துல எனக்கு சுத்தமா ஒத்துவரல, அத சொல்லியே ஆகணும்.

அவங்க சொல்றது, பெரிய அடி விழுறப்ப மனசு அத முழுசா வாங்கிக்காது, பிற்பாடுதான் கனவா, திரும்பத் திரும்ப நடக்குற விஷயமா வந்து நிக்கும், வரலாறும் அப்படித்தான்னு. மனநல ஆராய்ச்சியாளர் ஃப்ராய்டு 1920ல சொன்ன ஒரு கதைய எடுத்துக்கிறாங்க. டான்க்ரெட்டுன்னு ஒரு வீரன், எதிரி கவசத்துல இருந்த தன் காதலி க்ளோரிண்டாவ அடையாளம் தெரியாம கொன்னுடறான். அடக்கம் பண்ணப்புறம் மாயக்காட்டுக்குள்ள போயி ஒரு மரத்த வாளால வெட்டுறான், மரத்துலருந்து ரத்தம் கொட்டுது, மறுபடியும் என்ன வெட்டிட்டியேன்னு அவ குரல் கேக்குது. அந்தக் குரல கேக்க வைக்கிறதுதான் இலக்கியம்ங்கிறாங்க கரூத். படிச்சப்ப உடம்பு சிலிர்த்துப்போச்சு.

ஆனா வெட்டுப்பட்டது அவதானே? கரூத் மாதிரி வெட்டுனவனையே பாதிக்கப்பட்டவனா நிறுத்துனா ரெண்டு பேருக்கும் என்ன வித்தியாசம்னு ரூத் லெய்ஸ்ங்கிற ஆய்வாளர் 2000ல கேட்டாங்க. நான் லெய்ஸ் பக்கம்தான்.

1948ல சிலோன் குடியுரிமைச் சட்டம் இந்தியாவுலருந்து போன தோட்டத்து ஜனங்கள நாடில்லாதவங்களா ஆக்குச்சு. 1964ல ரெண்டு நாட்டு பிரதமர்களான சிறிமாவோவும் சாஸ்திரியும் டெல்லியில கையெழுத்துப் போட்டு 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3 லட்சம் பேர் சிலோனுக்குன்னு பங்கு பிரிச்சுட்டாங்க, மிச்ச ஒன்றரை லட்சம் பேர அப்புறம் பாத்துக்கலாம்னு விட்டுட்டாங்க. எங்க அம்மாயி தலைமன்னார்ல கப்பலேறி ராமேஸ்வரம் வந்து, மண்டபம் கேம்ப்ல இருந்து, டேன்டீங்கிற தமிழ்நாடு அரசு தேயிலைத் தோட்டத்துக்கு கொழுந்தெடுக்க வந்தவங்க. அவங்க அக்கா அந்தப் பக்கமே நின்னுட்டாங்க. அந்த கேம்ப்ல குடுத்த பேமிலி கார்ட அம்மாயி பாலிதீன் கவர்ல சுத்தி அரிசி டிரம்முக்குள்ளதான் வச்சிருப்பாங்க, பேரப்பிள்ளைங்களுக்கு ஜாதி சர்ட்டிபிகேட் எடுக்க ஆபீஸ் போறப்ப மட்டும் வெளிய வரும்.

சிலோன் பத்தி அவங்களா பேச மாட்டாங்க. இதப் போயி நனவிலி, அழுத்தி வச்ச ஞாபகம்னு எழுதுனா எனக்கு கோவம் வருது. உக்காந்து கேட்டா லயத்துல (தோட்டத்து லைன் வீடு) எத்தன காம்பரா (ரூம்), எந்தக் காம்பராவுல யாரு, கங்காணி யாரு, வேலைக்கு ஆள் கணக்கெடுக்குற பிரட்டுக்கு எத்தன மணிக்கு நிக்கணும், எல்லாம் வரிசையா வரும். கப்பலேறும்போதே எல்லாம் தெரிஞ்சுதான் ஏறுனாங்க. பேசுனா சிலோன்காரின்னு பேரு, ஆபீஸ்ல இன்னொரு பேப்பர் கேப்பாங்கன்னு பயம், அதான் வாயத் தொறக்கல. அந்த பயத்துக்கு காரணமானவங்க பேரெல்லாம் கவர்மென்ட் ஃபைல்லயே இருக்கு, அத அவங்க மனசுக்குள்ள போயி தோண்ட வேண்டியதில்ல.

லேட்டா வர்ற வரலாறுங்கிற கரூத்தோட கருத்து எங்க தலைமுறைக்கு நல்லா பொருந்தும், பாட்டி பட்டது பேரன் கனவுல வருது, அத நானே பாக்குறேன். அம்மாயிக்கு மட்டும் அத போட்டுப் பாக்காதீங்க. இங்கருந்து நாவல் எழுதுறவங்க அவங்க சொல்ற வரிசையிலயே எழுதுங்க. அவங்க பிரட்டுக்களத்துலதான் ஆரம்பிப்பாங்க, லயம் வரும், அக்கா கல்யாணம் வரும், கப்பல் ரொம்ப கடைசியாத்தான் வரும், அதுவும் ரெண்டு வரி. நம்ம ஆளுங்க எல்லாரும் கப்பல்லயே ஆரம்பிக்கிறோம்.