பிள்ளையின் பணத்தை யார் வசூலிக்க வேண்டும்?

"பிரிந்து போனவளுக்கு நான் ஏன் காசு கொடுக்கணும்?" ஜீவனாம்சப் பேச்சை எடுத்தாலே இந்தக் கேள்வி முன்னால் வந்து நிற்கிறது. மனைவிக்கான ஜீவனாம்சம் தனிக் கணக்கு, அதை இன்னொரு நாள் பேசிக்கொள்ளலாம். பிள்ளைக்குக் கொடுப்பது பிள்ளையின் பணம். வளர்ப்பவர் கைவழியாகப் போகிறது, அவ்வளவுதான். வளர்ப்பவர் அம்மாவாகவும் இருக்கலாம், அப்பாவாகவும் இருக்கலாம்.

விவாகரத்தில் முடிவது கணவன் மனைவி உறவு மட்டும்தான். கல்யாணமே நடக்காவிட்டாலும் பெற்றவருக்குப் பொறுப்பு உண்டு. இந்தியாவில் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவும் சரி, 2024 ஜூலை முதல் அதன் இடத்துக்கு வந்திருக்கும் புதிய சட்டத்தின் 144ஆம் பிரிவும் சரி, திருமணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளையை ஒதுக்கவில்லை.

"பிள்ளையைக் கண்ணிலேயே காட்டுவதில்லை, பணம் மட்டும் வேணுமா?" இந்தக் கோபம் எனக்குப் புரிகிறது. பார்க்க விடாதது தவறுதான், அதற்குத் தனியாக மனு போடலாம். ஆனால் அதற்காகப் பணத்தை நிறுத்தினால் பட்டினி கிடப்பது பிள்ளை. பணம் வரவில்லை என்று பிள்ளையைக் காட்ட மறுப்பதும் இதே ரகம்தான்.

சரி, என் ஆதங்கம் வேறு. உத்தரவு வாங்குவதோடு வேலை முடிவதில்லை, அங்கேதான் ஆரம்பிக்கிறது. பணம் கட்ட வேண்டியவர் சம்பளத்தைக் கையில் ரொக்கமாக வாங்கிக்கொள்வார், சொத்தைத் தம்பி பெயருக்கு மாற்றுவார், வழக்கு என்றதும் வேலையையே விடுவார். 2020இல் இந்திய உச்ச நீதிமன்றம் இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றது. மனு போட்ட தேதியிலிருந்தே தொகை கணக்காகும் என்றும் சொன்னது. நல்ல தீர்ப்பு. ஆனால் பணம் வராத மாதத்துக்கு மறுபடி மனு போட வேண்டியது பிள்ளையை வளர்ப்பவர்தான். அதுவும் தொகை கொடுக்க வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும், தவறினால் அந்தத் தொகையை வசூலிக்க வாரண்ட் கிடைக்காது. வேலைக்கும் போய், பிள்ளையையும் பார்த்துக்கொண்டு, வாய்தாவுக்கும் யார் அலைவது?

அரசே வசூலித்தால் என்ன? ஆஸ்திரேலியா 1988இல் இந்த வசூலை வரித்துறையிடமே கொடுத்தது. அமெரிக்காவில் சம்பளத்திலேயே பிடிக்கிறார்கள். நிலுவை 2,500 டாலரைத் தாண்டினால் பாஸ்போர்ட் மறுக்கப்படும். ஜெர்மனியில் பணம் கட்டாதவருக்குப் பதிலாக அரசு ஒரு தொகையைப் பிள்ளைக்குக் கொடுத்துவிட்டு, பிறகு அவரிடம் வசூலிக்கிறது. 2017 முதல் சில நிபந்தனைகளோடு 18 வயது வரை இது உண்டு. எல்லா இடத்திலும் எல்லாம் ஒழுங்கு என்று சொல்ல வரவில்லை. பிரிட்டனில் அரசு நடுவில் நின்று வசூலித்தால் கட்டுபவரிடம் 20 சதவீதம் கூடுதலாக வாங்குவதோடு, பெறுபவரிடமும் 4 சதவீதம் பிடிக்கிறார்கள். பிள்ளையின் பணத்தில் கமிஷனா!

கட்டுபவர் பக்கமும் ஒன்று சொல்ல வேண்டும். நிஜமாகவே வேலை போய்விட்டால், உடனே போய்த் தொகையைக் குறைக்கக் கேளுங்கள். சும்மா இருந்தால் நிலுவை ஏறிக்கொண்டே போகும். அமெரிக்காவில் 1986க்குப் பிறகு, ஏறிவிட்ட நிலுவையை நீதிபதி நினைத்தாலும் குறைக்க முடியாது. இந்தியாவில் கட்டாததற்காகச் சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது. சிறையில் இருப்பவர் சம்பாதிக்கப் போவதும் இல்லை, அதனால் சிறையைக் கடைசியாக வைத்துக்கொண்டு சம்பளப் பிடித்தத்தை முதலில் கொண்டுவர வேண்டும் என்பது என் கட்சி.

1989இன் ஐ.நா. குழந்தை உரிமை உடன்படிக்கையின் 27ஆம் பிரிவு, பெற்றோரிடமிருந்து இந்தத் தொகையைப் பெற்றுத்தர நடவடிக்கை எடுக்கும் பொறுப்பை அரசின் மீதுதான் வைக்கிறது. "யாரோ பெற்ற பிள்ளைக்கு என் வரிப்பணமா?" என்று கேட்பார்கள். ஜெர்மனி போல அரசு முதலில் கொடுத்தாலும் அது இனாமாக இல்லை, அந்தப் பெற்றவர் பெயரில் கடனாகத்தான். இப்போது அந்தக் கடனைத் தாத்தா பாட்டியும், கைமாற்றுக் கொடுத்த தோழியும் சுமக்கிறார்கள். அவர்களால் யாருடைய சம்பளத்திலும் பிடிக்க முடியாது, அரசால் முடியும்.