ஜோக் எங்கே என்று கேட்டவருக்கு

நேற்றுத் திரையிடலில் இருந்தவர்களுக்கு யாரைச் சொல்கிறேன் என்று தெரியும். அமெரிக்க நகைச்சுவைக் கலைஞர் ஆண்டி காஃப்மனின் துணுக்கு ஓடி முடிவதற்குள், "இதில் ஜோக் எங்கே சார்? ஒன்றும் தெரியாதவன், அதை மறைக்கத்தான் இந்தக் கூத்து" என்று அண்ணன் தீர்ப்பு சொல்லிவிட்டார். அறையே சிரித்தது. சரி, அவருக்காவது சிரிப்பு கிடைத்ததே.

ஒன்றும் தெரியாதவனா? 1975இல் 'சாட்டர்டே நைட் லைவ்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரின் முதல் நிகழ்ச்சியிலேயே மேடையேறியவர். பக்கத்தில் ரெக்கார்ட் பிளேயர், அதில் ஒரு கார்ட்டூன் பாட்டு. இவர் திருதிருவென்று முழித்துக்கொண்டு நிற்கிறார். ஒரே ஒரு வரிக்கு மட்டும் கையை வீசி வீரனாக வாயசைக்கிறார். வரி முடிந்ததும் பழையபடி முழி. சும்மா நிற்பதுதான் வித்தையே. கல்லூரி விழாவில் நானும் அப்படி நின்று பார்த்தேன். "இறங்குடா" என்று சத்தம். முன்வரிசையில் இருந்த அத்தை மகன், என்னைத் தெரியாதவன் போலக் குனிந்து செருப்பைச் சரிசெய்தான்.

மிமிக்ரி வராத அப்பாவி வெளிநாட்டுக்காரனாகத் திணறிவிட்டு, சட்டென்று பாடகர் எல்விஸ் பிரெஸ்லியாக மாறுவார் பாருங்கள், அச்சு அசல் எல்விஸ். தெரியாதவன் செய்கிற வேலையா அது?

பார்வையாளர்களை மதிக்காதவர் என்பீர்கள். 1979இல் நியூயார்க்கின் கார்னகி ஹால் அரங்கில் நிகழ்ச்சி முடிந்ததும் வந்தவர்களைப் பேருந்துகளில் ஏற்றிக்கொண்டு போய்ப் பாலும் பிஸ்கட்டும் கொடுத்த மனுஷன் அவர். உங்களுக்கு யார் கொடுத்தார்கள்?

பெண்களோடு மல்யுத்தம் செய்து இழிவாகப் பேசினாரே என்று அடுத்து வருவீர்கள். பேசினார். வில்லன் வேஷம் அது. கேட்கக் கஷ்டமாகத்தான் இருக்கும், விடுங்கள்.

ஜனங்களே ஓட்டுப் போட்டு விரட்டினார்களாம். 1982 நவம்பரில் அதே 'சாட்டர்டே நைட் லைவ்' நடத்திய தொலைபேசி வாக்கெடுப்பில் வேண்டாம் என்றவர்கள் 1,95,544 பேர். உண்மைதான். வேண்டும் என்ற 1,69,186 பேரை மட்டும் அண்ணன் சௌகரியமாக மறந்துவிட்டார். அதற்குப் பிறகு காஃப்மன் அந்த மேடையில் நேரலையில் தோன்றவில்லை. 1984இல் நுரையீரல் புற்றுநோயில் போனபோது வயது 35. அதையும் விளையாட்டு என்றே பலர் நினைத்தார்கள். செத்தால்கூட நம்பமாட்டீர்கள், அப்படித்தானே?

அதுகூடப் பரவாயில்லை. டீ குடிக்கும்போது அண்ணன் என் தோளில் தட்டி, "உனக்கு இந்த மாதிரி ஆட்களைத்தானே தம்பி பிடிக்கும்" என்றாரே, அதை என்னவென்று எடுத்துக்கொள்வது? எத்தனை பேர் பார்க்கச் சிரித்துக்கொண்டே சொன்னார்!

அடுத்த திரையிடலுக்கு ஜோக் உள்ள படமாகவே போடுங்கள். புரொஜெக்டர் மட்டும் வேறு யாரிடமாவது வாங்கிக்கொள்ளுங்கள்.