ஆண்ட்ரோமெடா வருமா, வராதா? சித்தப்பாவுக்கு ஒரு நீண்ட பதில்

எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் சித்தப்பா ஒரு வீடியோ போட்டிருந்தார். நம் பால்வெளி, பக்கத்து ஆண்ட்ரோமெடா என்ற இரண்டு கேலக்ஸிகள் லாரியும் பஸ்ஸும் மாதிரி நேருக்கு நேர் மோதுகின்றன, தீப்பொறி பறக்கிறது, பின்னணியில் உடுக்கைச் சத்தம். கீழே அவருடைய வரி: "மோதும்னு நீதானே சொன்ன? இப்ப மோதாதுங்கறான். உங்க ஆளுங்க பல்டி அடிச்சுட்டாங்க போலயே தம்பி."

நான்கு வரியில் பதில் எழுத உட்கார்ந்தேன். நீண்டுகொண்டே போனதால் இங்கே போடுகிறேன். சித்தப்பா, படித்துவிட்டுத் திட்டலாம்.

முதலில் அந்தப் பல்டி. ஆண்ட்ரோமெடா நம்மை நோக்கி வருகிறது என்பது 1912-லேயே தெரியும். அமெரிக்காவின் லோவெல் ஆய்வகத்தில் வெஸ்டோ ஸ்லைஃபர் அதன் ஒளியைப் பிரித்துப் பார்த்து, நொடிக்கு 300 கி.மீ. வேகத்தில் நெருங்குகிறது என்று கண்டார். அது இன்னொரு கேலக்ஸி என்பதே அப்போது யாருக்கும் உறுதியாகத் தெரியாது. அந்த 300-இல் பெரும்பகுதி, நம் சூரியன் பால்வெளியின் மையத்தைச் சுற்றி ஓடுகிற வேகம். அதைக் கழித்தால் இரண்டு கேலக்ஸிகளும் நொடிக்கு ஏறக்குறைய 110 கி.மீ. வேகத்தில் நெருங்குகின்றன.

நேராக வரும் வேகத்தை அளப்பது சுலபம். பக்கவாட்டில் எவ்வளவு நகர்கிறது என்பதுதான் தலைவலி, ஏனென்றால் 25 லட்சம் ஒளியாண்டுக்கு அப்பால் உள்ள ஒன்று வானத்தில் நகர்வதே தெரியாது. 2012-ல் ஹப்பிள் தொலைநோக்கியின் பழைய படங்களையும் புதிய படங்களையும் ஒப்பிட்டு அதை அளந்தார்கள். பக்கவாட்டு வேகம் மிகக் குறைவாக வந்தது. அதனால் சுமார் 400 கோடி ஆண்டுகளில் முட்டும் என்றார்கள். 2025 ஜூனில் ஹெல்சிங்கி பல்கலைக்கழகத்தின் டில் சவாலாவும் கூட்டாளிகளும் புதிய அளவீடுகளோடு கணக்கை மறுபடி போட்டார்கள். அளவீட்டில் இருக்கும் பிழைகளை முழுவதுமாகக் கணக்கில் எடுத்தார்கள். பால்வெளிக்குப் பக்கத்தில் இருக்கும் சின்ன கேலக்ஸியான பெரிய மெகல்லன் மேகம் நம்மை இழுக்கும் இழுப்பையும் சேர்த்தார்கள். அடுத்த 1000 கோடி ஆண்டுகளுக்குள் இரண்டும் ஒன்றாகும் வாய்ப்பு ஏறக்குறைய பாதிக்குப் பாதி என்று விடை வந்தது.

'மோதாது' என்று யாரும் சொல்லவில்லை. என் எரிச்சல் வீடியோக்காரர் மீதுகூட இல்லை, 'மோதல்' என்ற அந்தச் சொல் மீதுதான்.

ஒரு கணக்கு சொல்கிறேன். சூரியனை இரண்டு மில்லிமீட்டர் கடுகு என்று வைத்துக்கொண்டு எழும்பூர் ஸ்டேஷனில் வையுங்கள். சூரியனுக்கு அடுத்த விண்மீன் செங்கல்பட்டு ஸ்டேஷனில் கிடக்கும் இன்னொரு கடுகு. நடுவில் எதுவும் இல்லை. இப்படிப்பட்ட இரண்டு கடுகுக் கூட்டங்கள் ஒன்றுக்குள் ஒன்று புகுந்தால் எந்தக் கடுகும் எந்தக் கடுகையும் இடிக்காது.

ஆனால் கேலக்ஸிகளின் கதை வேறு. பால்வெளியின் தட்டு ஏறத்தாழ ஒரு லட்சம் ஒளியாண்டு அகலம். அதை ஓரடித் தோசை என்றால், ஆண்ட்ரோமெடா 25 அடி தள்ளி, அதே மண்டபத்தில் எதிர்ப் பந்தியில் விழுந்த கொஞ்சம் பெரிய தோசை. விண்மீன்கள் தூர தூரமாகவும், கேலக்ஸிகள் தம் அளவுக்குப் பக்கம் பக்கமாகவும் இருக்கின்றன. எனவே கேலக்ஸிகள் அடிக்கடி ஒன்றையொன்று சந்திக்கின்றன. அவற்றின் விண்மீன்கள் முட்டிக்கொள்வதே இல்லை.

அப்படியானால் இரண்டும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து மறுபக்கம் வெளியே வந்து தம் வழியில் போய்விட வேண்டியதுதானே? ஏன் ஒன்று இன்னொன்றில் சிக்கிக் கரைகிறது? எது அவற்றுக்கு பிரேக் போடுகிறது?

இதற்கான கணக்கை 1943-ல் எழுதியவர் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சுப்பிரமணியன் சந்திரசேகர். அப்போது அமெரிக்காவின் யெர்க்ஸ் ஆய்வகத்தில் இருந்தார். கட்டுரையின் தலைப்பே 'இயக்க உராய்வு'.

தேரோட்டத்தை நினைத்துக்கொள்ளுங்கள். தேர் வரும் சத்தம் கேட்டு ஆட்கள் வீட்டிலிருந்தும் சந்திலிருந்தும் ஓடி வருகிறார்கள். தெருவுக்கு வந்து சேர்வதற்குள் தேர் நகர்ந்துவிடுகிறது. அதனால் கூட்டம் எப்போதும் தேருக்குப் பின்னால்தான் அடர்த்தியாகச் சேரும். விண்வெளியிலும் இதுவே. கனமான ஒன்று விண்மீன் கூட்டத்தின் ஊடே போகும்போது அதன் ஈர்ப்பால் விண்மீன்கள் அதன் பாதையை நோக்கி வளைகின்றன. வந்து சேரும்போது அது முன்னால் போயிருக்கும். பின்னால் சேர்ந்த அந்தக் கூட்டத்துக்கும் ஈர்ப்பு உண்டு, அது பின்னோக்கி இழுக்கும். எதுவும் எதையும் தொடவில்லை, ஆனாலும் வேகம் குறைகிறது. பெரிய தேருக்குக் கூட்டம் அதிகம், கடைசியாக வரும் சண்டிகேஸ்வரர் தேருக்குக் குறைவு. அதுபோல எடை கூடினால் இழுப்பும் கூடும். மெதுவாகப் போனால் பின்னால் கூட்டம் இன்னும் சேரும், அதனால் ஒருமுறை வேகம் குறையத் தொடங்கினால் பிறகு சுலபமாகத் தப்ப முடியாது.

சந்திரசேகர் அப்போது கேலக்ஸிகளை நினைத்து இதை எழுதவில்லை. விண்மீன் கொத்துகளிலிருந்து விண்மீன்கள் எவ்வளவு விரைவாக வெளியேறும் என்பதுதான் அவர் கேள்வி. அதற்கு இரண்டு வருடம் முன்பு, 1941-ல், ஸ்வீடனில் எரிக் ஹோல்ம்பெர்க் இரண்டு கேலக்ஸிகளின் சந்திப்பை மேசை மேல் நடத்திக் காட்டியிருந்தார். கம்ப்யூட்டர் இல்லாத காலம். விண்மீன்களுக்குப் பதிலாக 74 மின்விளக்குகள், ஒரு கேலக்ஸிக்கு 37. ஈர்ப்பு தூரத்தோடு எப்படிக் குறைகிறதோ அதே விகிதத்தில்தான் வெளிச்சமும் குறைகிறது. எனவே ஒவ்வொரு விளக்கின் இடத்திலும் விழும் வெளிச்சத்தை அளந்தால் அங்கே எவ்வளவு ஈர்ப்பு என்பது தெரிந்துவிடும். அளப்பது, விளக்குகளைக் கொஞ்சம் நகர்த்துவது, மறுபடி அளப்பது. இதைப் படித்த நாளிலிருந்து அந்த மனிதர் மீது எனக்குப் பெரிய மயக்கம்.

இங்கே ஒரு குறை சொல்லிவிடுகிறேன். நம் ஊரில் சந்திரசேகர் என்றால் ஒரே கதைதான்: கப்பலில் கணக்குப் போட்டார், 1935-ல் வானியலாளர் எடிங்டன் சபையில் கேலி செய்தார், 1983-ல் நோபல் வந்தது. பள்ளி மேடையில் பேசியவர் முதல் மீம் போடுகிறவர் வரை இதையே சொல்கிறார்கள். உண்மைதான், சந்திரசேகர் எல்லை (வெண்குள்ள விண்மீன் ஒன்று தாங்கக்கூடிய உச்ச நிறை) பெரிய விஷயம்தான். ஆனால் நமக்கு அவருடைய வேலையைவிட அவருக்கு நடந்த அவமானம்தான் அதிகம் பிடித்திருக்கிறது என்று எனக்கு ஒரு சந்தேகம். ஒரு கேலக்ஸி இன்னொன்றை விழுங்கிய செய்தி வரும்போதெல்லாம் அதற்கு அடியில் அவருடைய அந்த 1943 கட்டுரை இருக்கிறது. அதைச் சொல்வோர் குறைவு.

சரி, பால்வெளிக்கு வருவோம். எதிர்காலத்தில் நடக்கப்போகும் ஒன்றுக்காக நாம் பயந்துகொண்டிருக்கிறோம், ஆனால் பால்வெளி ஏற்கனவே பல கேலக்ஸிகளை விழுங்கி வளர்ந்ததுதான். 1994-ல் இபாட்டா, கில்மோர், இர்வின் மூவரும் பால்வெளி மையத்துக்கு அந்தப் பக்கம் ஒளிந்திருந்த தனுசுக் குட்டி கேலக்ஸியைக் கண்டுபிடித்தார்கள். அது இப்போது, நாம் பேசிக்கொண்டிருக்கும்போதே, கரைந்துகொண்டிருக்கிறது. அதிலிருந்து உரிந்த விண்மீன்கள் பால்வெளியைச் சுற்றி நூலாக நீண்டு கிடக்கின்றன.

அதைவிடப் பெரிய விருந்து 2018-ல் வெளிச்சத்துக்கு வந்தது. ஐரோப்பாவின் கையா விண்கலம் நூறு கோடிக்கும் அதிகமான விண்மீன்களின் இடத்தையும் நகர்வையும் அளந்து, அந்த ஆண்டு ஏப்ரலில் பட்டியலை வெளியிட்டது. அமினா ஹெல்மியின் குழுவும் வசிலி பெலோகுரோவின் குழுவும் தனித்தனியாக ஒரே விஷயத்தைப் பார்த்தன: சூரியனுக்குப் பக்கத்திலேயே ஏராளமான விண்மீன்கள், மற்றவை போல வட்டமாகச் சுற்றாமல், மையத்துக்கும் வெளிப்புறத்துக்குமாக ஊசல் ஆடிக்கொண்டிருக்கின்றன. அவை இங்கே பிறந்தவை அல்ல. சுமார் 1000 கோடி ஆண்டுகளுக்கு முன் பால்வெளி விழுங்கிய இன்னொரு கேலக்ஸியின் விண்மீன்கள். அதற்கு கையா-என்செலடஸ் என்று பெயர் வைத்தார்கள். வந்து இத்தனை காலம் ஆகியும் நடையை மாற்றிக்கொள்ளவில்லை.

பக்கத்துக் கேலக்ஸிகள் எனக்கு முக்கியமாகப் படுவது இதனால்தான். ஜேம்ஸ் வெப் தொலைநோக்கி காட்டும் பிரபஞ்சத்தின் முதல் கேலக்ஸிகள் அழகுதான், செய்தியும் அவற்றுக்குத்தான். ஆனால் அங்கே ஒரு கேலக்ஸி முழுவதும் சில புள்ளிகள். இங்கேதான் விண்மீன்களை ஒவ்வொன்றாக எண்ணி, எது எங்கிருந்து வந்தது என்று கேட்க முடியும்.

ஆண்ட்ரோமெடா நம்மைவிடப் பெருந்தீனி. அதன் வெளிப்புறம் முழுக்க விழுங்கியவற்றின் நார்கள். அதன் பக்கத்தில் எம்32 என்று ஒரு சின்ன, மிக அடர்த்தியான கேலக்ஸி ஒட்டிக்கொண்டிருக்கிறது. சுமார் 200 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆண்ட்ரோமெடா விழுங்கிய ஒரு பெரிய கேலக்ஸியின் எஞ்சிய நடுப்பகுதிதான் இது என்று 2018-ல் ரிச்சர்ட் டிசோசாவும் எரிக் பெல்லும் வாதிட்டார்கள். டிசோசா இந்தியர், இயேசு சபைத் துறவி, இப்போது வத்திக்கான் வானாய்வகத்தின் இயக்குநர். இந்த வாதத்தை எல்லோரும் ஏற்கவில்லை, எனக்குப் பிடித்திருக்கிறது. மாம்பழத்தைத் தின்றால் கொட்டை மிஞ்சத்தானே செய்யும்?

நமக்கு அடுத்த விருந்து ஆண்ட்ரோமெடாவாக இருக்காது. 1.6 லட்சம் ஒளியாண்டு தூரத்தில் உள்ள பெரிய மெகல்லன் மேகம்தான். நிறை அதிகம், அதனால் உராய்வும் அதிகம். இன்னும் 240 கோடி ஆண்டுகளில் அது நமக்குள் வந்து சேரலாம் என்று 2019-ல் இங்கிலாந்தின் டர்ஹாம் பல்கலைக்கழகத்தில் கணக்கிட்டார்கள். ஆண்ட்ரோமெடா விஷயத்திலும் கேள்வி இதுவேதான். முதல் முறை கடக்கும்போது இரண்டையும் சூழ்ந்திருக்கும் கரும்பொருள் (கண்ணுக்குத் தெரியாமல் ஈர்ப்பால் மட்டும் தெரியவரும் பொருள், dark matter) மண்டலங்களும் போதுமான அளவு ஒன்றுக்குள் ஒன்று புகுந்தால் உராய்வு பிடித்துக்கொள்ளும். கொஞ்சம் விலகிப் போனால் பிடி கிடைக்காது. அந்தப் பாதிக்குப் பாதி இங்கிருந்துதான் வருகிறது.

எல்லாம் தீர்ந்துவிட்டது என்றும் நினைக்க வேண்டாம். பாவெல் குரூபா என்ற வானியலாளர் இதே உராய்வை எடுத்துக் கரும்பொருள் மீதே திருப்புகிறார். எம்81 என்ற கேலக்ஸியும் அதன் அண்டையில் உள்ளவையும் சேர்ந்த கூட்டத்துக் கேலக்ஸிகளைச் சுற்றிக் கரும்பொருள் அவ்வளவு இருந்தால் அவை எப்போதோ ஒன்றில் ஒன்று கரைந்திருக்க வேண்டுமே, ஏன் இன்னும் தனித்தனியாகத் தெரிகின்றன என்பது அவர் கேள்வி. பெரும்பாலோர் அவரோடு உடன்படவில்லை. நானும் கரும்பொருள் பக்கம்தான் சாய்வேன். ஆனால் 80 வருடப் பழைய சூத்திரம் இன்னும் சண்டைக்கு ஆயுதமாகப் பயன்படுகிறது என்பதில் ஒரு சந்தோஷம்.

போன மே மாதம் ஊரில் சித்தப்பாவை மொட்டை மாடிக்குக் கூட்டிப்போய், இரவு ஒன்பது மணிக்குத் தெற்கே அடிவானத்துக்கு மேலே பைனாகுலரைப் பிடித்துக் கொடுத்தேன். ஒமேகா சென்டாரி என்ற விண்மீன் கொத்து. வெறும் கண்ணுக்கு மங்கலான விண்மீன், பைனாகுலரில் பஞ்சு உருண்டை. பால்வெளி என்றோ விழுங்கிய ஒரு குட்டி கேலக்ஸியின் நடுப்பகுதி அது என்று பலர் கருதுகிறார்கள். இங்கிருந்து நன்றாகவே தெரியும், ஐரோப்பாவில் பெரும்பாலான ஊர்களில் தெரியாது.

இரண்டு நிமிடம் பார்த்தார். "இதுதான் நாம தின்னுட்டுத் துப்புன கொட்டையா?" என்றார். ஆமாம் என்றேன். பைனாகுலரைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "அப்ப ஆண்ட்ரோமெடா வந்தா, அது கொட்டையா நாம கொட்டையா?" என்று கேட்டார்.