தும்மலை வெட்டாத கேமராக்காரர்

கல்யாண வீடியோ எடுத்துப் பிழைப்பவன் நான். எடிட்டிங்கில் உட்கார்ந்ததும் முதலில் வெட்டி எறிவது என் குரலைத்தான். "அண்ணே, கொஞ்சம் தள்ளி நில்லுங்க", ஒரு இருமல், கால் இடறிக் குலுங்கிய ஷாட், எல்லாம் போய்விடும். கேமராவுக்குப் பின்னால் ஆளே இல்லாத மாதிரி இருந்தால்தான் எங்கள் தொழிலில் வேலை சுத்தம்.

அதனால்தான் கிர்ஸ்டன் ஜான்சன் என்ற பெண் ஒளிப்பதிவாளரின் 'கேமராபெர்சன்' (2016) ஆவணப்படத்தைப் பார்த்தபோது எனக்குக் கொஞ்சம் கூச்சமாகவே இருந்தது. மிசௌரியில் ஒரு வெட்டவெளி. வானம் கறுத்துக் கிடக்கிறது, மின்னல் இறங்குகிறது. கேமராவுக்குப் பின்னால் ஒரு தும்மல், ஃபிரேம் ஆடுகிறது. போஸ்னியாவில் இன்னொரு ஷாட். லென்ஸுக்குக் குறுக்கே நிற்கும் புல்லை அவர் கை நீண்டு பிடுங்குகிறது. நானாக இருந்தால் இரண்டையும் வெட்டியிருப்பேன். அவர் அதையெல்லாம் கோத்துத்தான் படமே எடுத்திருக்கிறார்.

அமெரிக்காக்காரர். ஒளிப்பதிவு படித்தது பாரிஸில், லா ஃபெமிஸ் திரைப்படக் கல்லூரியில். அப்புறம் கால் நூற்றாண்டு பிறர் படங்களுக்குக் கேமரா. 'ஃபாரன்ஹீட் 9/11', ஆஸ்கர் வாங்கிய 'சிட்டிசன்ஃபோர்' இரண்டிலும் இவர் உழைப்பு உண்டு. ஆனால் நாம் பேசுவது அவற்றை இயக்கிய மைக்கேல் மூரையும் லாரா பாய்ட்ரஸையும்தான். அப்படிப் பிறருக்காக எடுத்ததில் மனதை விட்டுப் போகாத துண்டுகள்தான் 'கேமராபெர்சன்'.

அதில் ஒரு பொடியன் கோடாரியை வைத்து விளையாடுகிறான். பின்னாலிருந்து அவர் பதறுவது காதில் விழுகிறது. ஆனாலும் கேமரா ஓடிக்கொண்டே இருக்கிறது. நைஜீரியாவில் ஒரு மருத்துவமனை. பிறந்த குழந்தை மூச்சுக்குத் திணறுகிறது, ஆக்சிஜன் இல்லை. கேமரா அங்கேயே நிற்கிறது. இது சரியா தப்பா என்று அவர் விளக்கவில்லை. எனக்கும் தெரியவில்லை, இரண்டு நாள் அதுதான் மண்டையில் ஓடியது.

'ஒளிப்பதிவாளராக இருந்து இயக்குநராக உயர்ந்தவர்' என்று சிலர் எழுதுவது எனக்கு ஒப்பவில்லை. என்ன உயர்வு? ஆவணப்படத்தில் ரீடேக் கிடையாது. எங்கே நிற்பது, எப்போது நிறுத்துவது என்று அந்த நொடியில் முடிவெடுப்பது கேமரா பிடித்தவர்தானே!

2020இல் நெட்ஃபிளிக்ஸில் வந்தது 'டிக் ஜான்சன் இஸ் டெட்'. மறதி நோய் தொடங்கிவிட்ட தன் அப்பா டிக் ஜான்சனை வைத்து, அவர் சாவதாகவே விதவிதமாகக் காட்சி எடுக்கிறார் கிர்ஸ்டன். மேலிருந்து ஏசி தலையில் விழுகிறது, மாடிப்படியில் உருண்டு விழுகிறார். உயிரோடு இருக்கும்போதே சர்ச்சில் இரங்கல் கூட்டமும் நடக்கிறது. அந்த மனிதரோ சிரித்துக்கொண்டே நடிக்கிறார். ஏன் இந்தக் கிறுக்குத்தனம் என்று கேட்கலாம். கிர்ஸ்டனின் அம்மா அல்சைமர் என்ற மறதி நோயில் போனவர். ஊர் உலகத்தையெல்லாம் எடுத்தவரிடம், அம்மா நன்றாக இருந்த காலத்து வீடியோ இல்லை.

அந்த இடத்தில் நிறுத்திவிட்டு என் ஹார்ட் டிஸ்க்கைத் தேடினேன். ஊரார் வீட்டுக் கல்யாணம், காதுகுத்து, சடங்கு என்று நான்கு டெராபைட் கிடக்கிறது. என் அம்மா இருப்பது ஒரே ஒரு கிளிப்பில், பதினோரு நொடி. அதுவும் புது லென்ஸுக்கு டெஸ்ட் எடுத்தது. "சாப்பிட்டுட்டுப் போடா" என்கிறாள். பின்னாலிருந்து என் குரல்: "தள்ளும்மா, ஃபோகஸ் பாக்கணும்."

அதை மட்டும் வெட்டவில்லை.