சௌரி சௌராவில் 172 பேரைத் தூக்கிலிடவில்லை

"சௌரி சௌரா என்ற ஒரே கிராமத்தில் 172 பேரைத் தூக்கிலிட்டார்கள்" என்று எழுதியிருக்கிறீர்கள், அது சரியில்லை. ஒத்துழையாமை இயக்கத்தின்போது இன்றைய உத்தரப் பிரதேசத்தில் உள்ள சௌரி சௌராவில் காவல் நிலையம் எரிக்கப்பட்டு போலீஸார் இறந்த வழக்கில், கோரக்பூர் செஷன்ஸ் நீதிமன்றம் 172 பேருக்குத் தூக்குத் தண்டனை விதித்தது உண்மைதான், ஆனால் காங்கிரஸ் தலைவர்களில் ஒருவரான வழக்கறிஞர் மதன் மோகன் மாளவியா அலகாபாத் உயர்நீதிமன்றத்தில் அவர்களுக்காக வாதாடினார், 1923 ஏப்ரலில் வந்த தீர்ப்பில் 19 பேருக்கு மட்டும் தூக்கு உறுதியானது. பலருக்கு ஆயுள் தண்டனை. அப்புறம், சௌரி, சௌரா இரண்டும் தனித்தனி கிராமங்கள், ரயில் நிலையத்தின் பெயர்தான் அவற்றை ஒன்றாக்கியது. 1922 பிப்ரவரியில் ஊர்வலமாக வந்தவர்களும் டும்ரி போன்ற சுற்றுக் கிராமங்களின் ஏழை விவசாயிகள். போலீஸ் சுட்டு அவர்களில் சிலர் இறந்த பிறகுதான் காவல் நிலையம் எரிந்தது, அதையும் சேர்த்தே எழுதுங்கள்.